லோர்ப்புவின் தாய்மாமன்

பாங்கா,
9 அக்டோபர் 2005

அன்புள்ள ஆரன் அண்ணாவுக்கு,

உன் தங்கை எழுதுகிறேன். உடம்பு எப்படி இருக்கிறது, முழங்கால் எப்படி இருக்கிறது, தலைக்கு மேல் கூரை இருக்கிறதா? நாங்கள் இங்கே எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம். அதற்கே கடவுளுக்கு நன்றி சொல்ல வேண்டும்.

ஐவரி கோஸ்ட் முகாமிலிருந்து நீ ஸ்வேத்ருவுக்குத் திரும்பிவிட்டாய் என்று வண்டிக்காரன் சேக்கு சொன்னான். "பலகை அறுக்கிற ஆரன், முழங்கால் வீங்கியிருக்கும், எதுக்கெடுத்தாலும் நக்கலடிப்பாரு, அவரா?" என்று கேட்டான். வேறு யாராக இருக்க முடியும். பதினைந்து வருஷம் ஆகிறது அண்ணா. சந்தையில் என் மிளகாய்க் கூடைக்குப் பின்னால் உட்கார்ந்து அழுதேன். பக்கத்துக் கடைக்காரியிடம் காரம் கண்ணில் பட்டுவிட்டது என்று சொன்னேன்.

என் வீட்டுக்காரர் கெர்குலா இறந்து நாலு வருஷம். வயிற்றில் கட்டி. லோர்ப்பு இருக்கிறாள். நீ கடைசியாகத் தோளில் தூக்கியபோது மூன்று வயது; இப்போது பத்தொன்பது. டிசம்பரில் அவளைக் கேட்டு மாப்பிள்ளை வீட்டார் கோலாக்கொட்டை கொண்டுவருகிறார்கள். பையன் மோட்டார்சைக்கிள் பழுது பார்க்கிறான். குடிப்பதில்லை. கோலாவைக் கையில் வாங்குவதற்குத் தாயோடு பிறந்தவன் வேண்டும் என்று உனக்கு நான் சொல்லத் தேவையில்லை.

இன்னொரு விஷயம். உறையின் மேல் நோவாய் கெர்குலா என்று எழுது. இங்கே எனக்கு அதுதான் பெயர். தொண்ணூறில் சண்டைக்காரர்கள் கிரான்காரர்களைத் தேடிச் சாலையை மறித்து நின்றபோது கெர்குலா, "இவ என் பொண்டாட்டி, எங்க பெல்லேக்காரப் பொண்ணு" என்று சொல்லிவிட்டார். அவர்கள் என்னைப் பெல்லே மொழியில் எண்ணிக் காட்டச் சொன்னார்கள். பத்து வரை எண்ணினேன். எனக்கு முன்னால் நின்றவளுக்கு ஆறு வரைதான் தெரிந்திருந்தது. அதற்கப்புறம் நம் கிரான் பேச்சை நான் வாயில் எடுக்கவில்லை. லோர்ப்புவுக்கும் தெரியாது.

இதைப் பிரிக்கும்போது நீ சாப்பிட்டிருப்பாய் என்று நம்பும்
டெபோரா

•

ஸ்வேத்ரு,
30 அக்டோபர் 2005

என் தங்கச்சிக்கு,

உன் உடம்பை நான் விசாரிப்பதற்கு முன்னால் நீ உயிரோடு இருக்கிறாயா என்பதை உறுதி செய்துகொள்கிறேன். ஏனென்றால் உனக்குக் கருமாதி ஆகிவிட்டது. போன வருஷம் ஊர் திரும்பியவுடன் ஓர் ஆட்டை அறுத்து, அம்மா, அப்பா, உன் பெயர் எல்லாவற்றையும் வரிசையாகச் சொல்லித் தண்ணீர் ஊற்றினேன். ஊரே வந்து சாப்பிட்டது. இப்போது தெருவில் போகிறவனெல்லாம், "ஆரன், செத்தவங்ககிட்டேருந்து லெட்டர் வருதாமே, எங்கப்பாவ விசாரிச்சேன்னு எழுதுப்பா" என்கிறான். அந்த ஆட்டுக்கு நீதான் பதில் சொல்ல வேண்டும்.

முழங்கால் தன்னிஷ்டப்படி இருக்கிறது. கூரை பாதி இருக்கிறது.

கெர்குலாவுக்காக வருந்துகிறேன். நம் அப்பா அவரைக் கல்யாணத்தின்போது எவ்வளவு பாடு படுத்தினார். கடைசியில் உன்னைக் காப்பாற்றியது அவர் நாக்குதான்.

நிச்சயம் வருகிறேன். மழை விட்டுவிடும், சாலை காய்ந்துவிடும். நல்ல சட்டை ஒன்று இருக்கிறது. பையன் எந்த ஊர், யாருடைய பிள்ளை, எந்த மக்கள்? மாமன்காரன் இதைக்கூடக் கேட்காமல் கோலா வாங்கினால் சிரிப்பார்கள்.

செத்தவளுக்குக் கடிதம் எழுதிக் களைத்த
அண்ணன் ஆரன்

•

பாங்கா,
14 நவம்பர் 2005

அன்புள்ள அண்ணா,

உன் கடிதத்தை ஏழு முறை படித்தேன். நலமாக இருக்கிறாய் என்றுதான் எடுத்துக்கொள்கிறேன். இங்கே மழை இன்னும் விடவில்லை. செம்பனை எண்ணெய் கிடைக்கவில்லை, காய்ந்த மீன் புழுத்துவிட்டது, எனக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. லோர்ப்பு தையல் கற்றுக்கொண்டு இடுப்பில் சுற்றும் லாப்பாத் துணியைத் தானே தைத்துக்கொள்கிறாள்.

பையன் பெயர் நியான். கான்ட்டாவில் கடை வைத்திருக்கிறான். கை சுத்தமான பையன், பெரியவர்கள் வந்தால் எழுந்து நிற்கிறான். அப்பா பெயர் கோன்கார்ட்டி, நிதானமான மனிதர்.

யோசித்துப் பார்த்தேன். உன் முழங்காலோடு அவ்வளவு தூரம் நெருக்கியடித்து வருவது கஷ்டம். கெர்குலாவின் சிநேகிதர் ஃபிளோமோ என்று ஒருவர் இருக்கிறார், நல்ல பேச்சாளர். உன் இடத்தில் அவரை உட்கார வைக்கலாம் என்று இங்கே சொல்கிறார்கள். நீ அப்புறம் சாவகாசமாக வரலாம்.

கோபித்துக்கொள்ளாதே. காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு.

டெபோரா

•

ஸ்வேத்ரு,
26 நவம்பர் 2005

டெபோராவுக்கு,

நலம். நலமறிய ஆவல்.

இடுப்பு வலியைப் பற்றி எழுத இடம் இருந்தது, புழுத்த மீனைப் பற்றி எழுத இடம் இருந்தது. மாப்பிள்ளை மானோக்காரன், தொண்ணூறில் நம் மக்களை வேட்டையாடியவர்களின் இனம் என்று எழுத மட்டும் தாளில் இடம் இல்லையா? கான்ட்டாவில் கோன்கார்ட்டி என்று பெயர் வைத்திருப்பவர் வேறு எந்த மக்களாக இருப்பார்?

இங்கே சொல்கிறார்கள் என்று எழுதியிருக்கிறாய். யார் சொல்கிறார்கள்? உனக்கு அண்ணன் இருப்பதே அங்கே யாருக்கும் தெரியாதே.

ஃபிளோமோவை உட்கார வை. நான் சொல்லிவிட்டேன். ஆனால் ஒன்றே ஒன்றுக்குப் பதில் எழுது. அந்தப் பெண்ணுக்குத் தனக்கொரு மாமன் இருப்பது தெரியுமா?

ஆரன்

•

பாங்கா,
8 ஜனவரி 2006

அன்புள்ள அண்ணாவுக்கு,

புது வருஷம் உனக்கு நல்லதாக இருக்கட்டும். வேலையும் உடம்பும் எப்படி?

கல்யாணப் பேச்சு நல்லபடியாக முடிந்தது. மாப்பிள்ளை வீட்டார் பதினாறு பேர் வந்தார்கள். வழக்கம்போல முதலில் பக்கத்து வீட்டுப் பெண்ணுக்கு முக்காடு போட்டு அனுப்பினோம். "இந்தப் பொண்ணத்தான கேட்டீங்க?" "இல்லம்மா, இவ நடை வேற." அடுத்து அறுபது வயசு மீன்காரியை அனுப்பினோம். கோன்கார்ட்டி எழுந்து முக்காட்டை விலக்கிப் பார்த்துவிட்டு, "பையனுக்கு வேண்டாம், எனக்குக் குடுத்துடுங்க" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

ஃபிளோமோ கோலாவை வாங்கினார். அரை மணிக்கு மேல் பேசினார். அப்புறம் தண்ணீர் ஊற்றி முன்னோரைக் கூப்பிட்டார். யாரைக் கூப்பிடுவார்? தெரிந்தவர்களைத்தானே. தன் அப்பா, தாத்தா, காய்ச்சலில் போன சின்னம்மா என்று ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி, இந்தப் பெண்ணைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். முன்பின் தெரியாதவர்களுடைய செத்துப்போனவர்களிடம் என் பெண்ணை ஒப்படைத்துவிட்டு நான் ஆமென் சொன்னேன். மாமன் பங்கு என்று ஆட்டுத் தலையையும் கேட்டு வாங்கிக்கொண்டு போனார்.

பங்கு பிரித்த கோலாவில் ஒரு துண்டை இத்துடன் அனுப்புகிறேன். அது உன்னுடையதுதான். நீ கேட்ட கேள்வி நினைவிருக்கிறது.

உன் சுகத்தை எப்போதும் நினைக்கும்
டெபோரா

•

பாங்கா,
18 ஜூன் 2006

அன்புள்ள அண்ணாவுக்கு,

எப்படி இருக்கிறாய்? என் கடிதத்துக்கு ஐந்து மாதமாகப் பதில் இல்லை. சேக்குவைக் கேட்டால், "கையிலதான் குடுத்தேன், வாங்கிட்டு பலகை அறுக்கப் போயிட்டாரு" என்கிறான். ஸ்வேத்ருவுக்கும் டெலிபோன் கோபுரம் வருகிறதாம். வந்தாலும் நமக்கு அது உதவாது, சந்தையில் நின்று சத்தமாகப் பேசக்கூடிய விஷயம் எதுவும் என்னிடம் இல்லை.

லோர்ப்புவுக்குத் தங்கிய கரு ஏப்ரலில், மூன்றாம் மாதத்தில் போய்விட்டது. ஆஸ்பத்திரியில் ரத்தம் போதவில்லை என்று மாத்திரை கொடுத்தார்கள். ஆனால் நியான் வீட்டுப் பெண்கள் வேறு சொல்கிறார்கள். "மாமன்காரன் மனசுல ஏதோ கெடக்கு. கூப்பிட்டுத் தண்ணி ஊதச் சொல்லுங்க" என்று. ஃபிளோமோவைக் கூட்டிக்கொண்டு போனேன். அவர் வாய் நிறையத் தண்ணீர் எடுத்து, "என் மனசுல ஒரு குறையும் இல்ல" என்று அவள் மேல் ஊதினார். அவர் சொன்னது உண்மைதான். ஆட்டுத் தலை வாங்கியவருக்கு என்ன குறை?

உன் மனதில் ஏதாவது இருக்கிறதா அண்ணா?

முழங்காலைப் பார்த்துக்கொள்.
டெபோரா

•

ஸ்வேத்ரு,
9 ஜூலை 2006

டெபோராவுக்கு,

எல்லாரும் சுகம். எல்லாரும் என்றால் நானும் ஒரு பூனையும்.

பெண்ணுக்கு நேர்ந்தது கேட்டு வருத்தப்பட்டேன். என் மனதில் ஒன்றும் இல்லை. வேலை நிறைய இருந்தது, அதனால் எழுதவில்லை. இன்று காலை வாசலில் நின்று தண்ணீரை வாயில் எடுத்து கான்ட்டா இருக்கும் பக்கமாக ஊதினேன். அடுத்த வீட்டுக்காரன் பல் விளக்குகிறேன் என்று நினைத்திருப்பான்.

மாத்திரையை விடாமல் சாப்பிடச் சொல்.

ஆரன்

•

பாங்கா,
12 நவம்பர் 2006

அன்புள்ள அண்ணா,

உன் உடம்பும் உன் பூனையும் நலமா? நான் நலமில்லை. இனிமேல் அப்படி எழுதுவதாக இல்லை.

செப்டம்பரில் லோர்ப்புவுக்கு மறுபடியும் கரு போய்விட்டது. பார்க்க நான் கான்ட்டாவுக்குப் போயிருந்தேன். கோன்கார்ட்டி என்னைத் தனியாக உட்காரவைத்து, "அம்மா, தப்பா நினைக்காதீங்க. உங்க கூடப் பிறந்தவங்க வேற யாராவது இருக்காங்களா? மனஸ்தாபத்துல பேச்சில்லாம இருந்தாக்கூடப் பரவாயில்ல. நானே போய்க் கால்ல விழுறேன்" என்றார். ஒருவரும் இல்லை என்றேன். வாய் கூசாமல் சொன்னேன்.

திரும்பும் வண்டியில் ஏறப் போனவள், மறுபடி உள்ளே போய் லோர்ப்புவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். "இத்தனை வருஷம் நான் யாருன்னு எங்கிட்டயே நீ சொல்லலையேம்மா" என்றாள். கொஞ்சம் கழித்து, "மாமா உசரமா, குட்டையா?" என்று கேட்டாள். உசரம் என்றேன். நியானிடம் சொல்லாதே என்று சொல்லிவிட்டுத்தான் வந்தேன். பார், அப்போதும் அதைத்தான் சொன்னேன்.

அந்த வீட்டில் குழந்தை இல்லாத மருமகளை எவ்வளவு நாள் வைத்திருப்பார்கள் என்று தெரியாது. நாம் கிரான் என்று தெரிந்தால் எவ்வளவு நேரம் வைத்திருப்பார்கள் என்றும் தெரியாது. எனக்கு அலுத்துவிட்டது அண்ணா. பதினாறு வருஷமாகத் தூங்கும்போதுகூட எந்த மொழியில் உளறுவேனோ என்று பயந்து படுக்கிறேன்.

வா. ஃபிளோமோவுக்கு உறவு என்று சொல்லிக்கொண்டு வந்தாலும் சரி.

டெபோரா

•

ஸ்வேத்ரு,
7 ஜனவரி 2007

என் தங்கச்சிக்கு,

வருஷப் பிறப்பு வாழ்த்து. நான் எழுதப் போவதைப் படித்துவிட்டும் நீ சுகமாக இருக்க வேண்டும்.

நான் பொய் சொன்னேன். நீ அனுப்பிய கோலாத் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு, "மாமன் இல்லாம கல்யாணம் பண்ணிக்கிட்டவ, மாமன் இல்லாமலே எல்லாத்தையும் பாத்துக்கட்டும்" என்று வாய்விட்டுச் சொல்லிக் கோழிக்கு முன்னால் எறிந்தேன். கோழிகூடத் தொடவில்லை. தெரிந்தேதான் சொன்னேன். அந்தப் பெண்ணுக்கு ஆசி சொல்ல வேண்டிய வாய் இது.

உனக்குத் தெரியாத ஒன்று. நீ கேட்கவில்லை, நானும் எழுதவில்லை. உன் அண்ணி செசியையும் என் பையனையும் தொண்ணூறில் டப்பிட்டா சாலையில் வண்டியிலிருந்து இறக்கினார்கள். நான் பின்னால் வந்த வண்டியில் இருந்தேன். இறக்கியவர்கள் பேசியது மானோ. உன் கடிதத்தில் கான்ட்டா என்று படித்ததும் அப்படி வெடுக்கென்று பதில் எழுதியது அதனால்தான். மாப்பிள்ளைப் பையன் அப்போது ஆறேழு வயசுப் பிள்ளையாக இருந்திருப்பான் என்று எனக்குக் கணக்குப் போடத் தெரியும். தெரிந்தும் எறிந்தேன்.

லோர்ப்புவுக்கு மறுபடியும் இரண்டு மாதம் என்று சேக்கு சொல்கிறான். அவன் மனைவி கான்ட்டாவில்தான் இருக்கிறாள். மூன்றாவது மாதம் முடியும் முன்னால் நான் போக வேண்டும். ஆனால் ஃபிளோமோவின் உறவாக வர மாட்டேன். என் பெயரைச் சொல்லித்தான் தண்ணீர் ஊதுவேன். அது தெரிந்தால் உன் வாழ்க்கை அங்கே என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாது. அதனால் உன்னைக் கேட்கிறேன். சரி என்றோ வேண்டாம் என்றோ ஒரு வார்த்தை எழுது.

ஆரன்

•

கான்ட்டா,
3 பிப்ரவரி 2007

டெபோராவுக்கு,

சேக்கு நாலு முறை வந்து போனான், உன்னிடமிருந்து ஒரு வார்த்தையும் வரவில்லை. நாள் நெருங்கிவிட்டது. உன் பதிலுக்குக் காத்திராமலே வந்துவிட்டேன். திட்டுவதானால் அப்புறம் திட்டு. உடம்பு நலமே; முழங்கால் வழியிலேயே செத்துவிட்டது.

கோன்கார்ட்டி முற்றத்தில் உட்கார்ந்து செம்பனங்குலை வெட்டிக்கொண்டிருந்தார். "என் பேர் ஆரன் குவையா. ஸ்வேத்ருலேருந்து வர்றேன். கிரான். லோர்ப்புவோட அம்மா கூடப் பிறந்தவன்" என்றேன். கையிலிருந்த கத்தியை அவர் கீழே வைத்தார். வைத்ததும்தான் எனக்கு மூச்சு வந்தது.

"அப்ப கோலா வாங்கினவரு யாரு?"

"என் இடத்துல உக்கார வச்ச ஆளு."

"ரொம்ப நேரம் பேசினாரு."

"நானும் கேள்விப்பட்டேன்."

அவர் சிரிக்கவில்லை. "எங்க அண்ணன வீட்டுலேருந்து கூட்டிட்டுப் போன சிப்பாய்ங்க உங்க பேச்சுதான் பேசினாங்க" என்றார்.

"என் பொண்டாட்டியையும் பையனையும் வண்டியிலேருந்து இறக்கினவங்க உங்க பேச்சு பேசினாங்க" என்றேன்.

"அது நான் இல்ல."

"உங்க அண்ணனக் கூட்டிட்டுப் போனதும் நான் இல்ல."

வெயில் ஏறும்வரை இரண்டு பேரும் அப்படியே உட்கார்ந்திருந்தோம். எழுந்து போக எனக்குக் கால் இல்லை, அவருக்கும் மனசு வரவில்லை போலிருக்கிறது. கடைசியில் அவர், "எனக்கு அலுப்பா இருக்கு. உங்களுக்கு?" என்று கேட்டார். எனக்கும்தான் என்றேன். உள்ளே பார்த்துத் தண்ணீர் கேட்டார்.

கிண்ணத்தைக் கொண்டுவந்தது லோர்ப்பு. அம்மாவின் நெற்றி அவளுக்கு, டெபோரா. நீ ஏன் எழுதவில்லை? எல்லார் முன்னாலும் கோழிக்கு எறிந்ததைச் சொன்னேன், சொன்ன சொல்லை எடுத்துக்கொள்கிறேன் என்றேன். நம் அம்மாவையும் அப்பாவையும், செசியையும் என் பையனையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். இந்த முறை உன் பெயரை வரிசையில் சேர்க்கவில்லை. அவள் வயிற்றின் மேல் தண்ணீரை ஊதினேன். அவள் அழுதுகொண்டே, "மாமா, சில்லுனு இருக்கு" என்றாள். குழந்தை தங்குமா என்று எனக்குத் தெரியாது. மாத்திரையையும் விடாமல் சாப்பிடச் சொல்லியிருக்கிறேன்.

அதன்பிறகு கோன்கார்ட்டி சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "பின்கட்டுல எங்க அண்ணி இருக்காங்க. அண்ணன் போனதுலேருந்து வெள்ளைத் துணிதான் கட்டறாங்க. அவங்க சம்மதிக்காம உங்களுக்கு இந்த வீட்டுல நான் சோறு போட முடியாது. பொண்ணோட அம்மா வரட்டும். ஒருத்தரும் இல்லன்னு எங்கிட்ட சொன்னவங்க, அவங்க வாயாலயே அண்ணிகிட்ட உள்ளதச் சொல்லட்டும். அண்ணி என்ன சொல்வாங்கன்னு எனக்குத் தெரியாது."

நியான் தன் கடையில் டயர்களை ஓரமாக நகர்த்தி எனக்குப் படுக்கை போட்டுக் கொடுத்தான். அங்கேதான் இருக்கிறேன். நீ வரும்வரை இருப்பேன்.

உன் அண்ணன்
ஆரன்

•

பாங்கா,
6 பிப்ரவரி 2007

அண்ணா,

எப்படி இருக்கிறாய் என்று கேட்க இன்று எனக்கு வாய் இல்லை. நீ கேட்ட அந்த ஒரு வார்த்தையை ஜனவரி முழுக்க எழுதி எழுதிக் கிழித்தேன். ஒரு நாள் சரி என்று எழுதுவேன், மறுநாள் வேண்டாம் என்று எழுதுவேன். நீ காத்திராமல் போனதற்கு உன் காலில் விழ வேண்டும்.

நேற்று முன்தினம் உடுத்திக்கொண்டு வண்டியில் ஏறி உட்கார்ந்தேன். ஆள் நிறைவதற்குள் இறங்கிவிட்டேன். நேற்றும் ஏறினேன். ஊர் எல்லை தாண்டியதும் வயிற்றைப் புரட்டுகிறது என்று சொல்லி இறங்கி, வெயிலில் நடந்தே திரும்பினேன். சாலையில் யாரும் தடுத்து நிறுத்தவில்லை, யாரும் எண்ணச் சொல்லவில்லை.

இதை முதலில் புறப்படும் மோட்டார்சைக்கிள்காரனிடம் கொடுத்தனுப்புகிறேன். கிடைத்தவுடன் கோன்கார்ட்டியிடம் கொண்டுபோய், அவர் அண்ணியும் கேட்கும்படி சத்தமாகப் படி. நான் டெபோரா குவையா. கிரான் பெண். ஒருவரும் இல்லை என்று சொன்னது பொய். மீதியை அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்துச் சொல்ல வருகிறேன். அவர் என்னைத் துரத்தினாலும் சரி.

நீ படித்து முடிப்பதற்குள் நான் மதிய வண்டியில் இருப்பேன். இப்போதே எல்லாருக்கும் தெரிந்துவிட்டால், இன்றைக்கு நான் பாதி வழியில் இறங்கித் திரும்ப முடியாது.

டெபோரா